டூரண்ட் கோப்பையில் ஆந்திராவின் பெயர் இடம்பெற்ற ஒரே ஆண்டு: 1961 இறுதிப் போட்டியும் ஹைதராபாத் காவல் அணியும்

திருப்பதி: ஆசியாவின் மிகப் பழமையான கால்பந்துத் தொடரான டூரண்ட் கோப்பையின் வெற்றியாளர் பட்டியலில் ‘ஆந்திரப் பிரதேசம்’ என்ற பெயர் ஒரே ஒரு முறைதான் காணப்படுகிறது. 1961-ம் ஆண்டுத் தொடரின் இறுதிப் போட்டியில் ஆந்திரப் பிரதேச காவல் அணி, கொல்கத்தாவின் மோகன் பகான் அணியை 1-0 என்ற கோல் கணக்கில் வென்றது. அதற்கு முன்பு இதே அணி ‘ஹைதராபாத் நகரக் காவல் அணி’ என்ற பெயரில் 1950, 1954, 1957 ஆகிய ஆண்டுகளில் மூன்று முறை இக்கோப்பையைக் கைப்பற்றியிருந்தது. 1961-க்குப் பிறகு தென்னிந்தியாவைச் சேர்ந்த அணி ஒன்று டூரண்ட் கோப்பையை மீண்டும் வெல்வதற்கு 36 ஆண்டுகள் பிடித்தன.

அந்த வெற்றி இன்று எந்த மாநிலத்தின் கணக்கில் சேரும் என்பது எளிதில் விடை சொல்ல முடியாத கேள்வி. கோப்பையில் இருப்பது ஆந்திராவின் பெயர். அணி வளர்ந்த நகரமோ இப்போது தெலங்கானாவின் தலைநகர். ஆந்திராவின் தென்கோடியில், தமிழகத்தை ஒட்டியுள்ள சித்தூர், திருப்பதி மாவட்டங்களில் இருந்து பார்க்கும்போது இந்தச் சிக்கல் இன்னும் ஒரு மடங்கு கூடுகிறது. ஹைதராபாத் காவலர்கள் முதன்முதலாக டூரண்ட் கோப்பையை வென்ற 1950-ல் சித்தூர் மாவட்டம் சென்னை மாநிலத்தில் இருந்தது. 1953 அக்டோபர் 1 அன்று அது ஆந்திர மாநிலத்துக்குச் சென்றது. 1956 நவம்பர் 1 அன்று ஹைதராபாத்தை உள்ளடக்கிய ஆந்திரப் பிரதேசம் உருவானது. திருத்தணி உள்ளிட்ட பகுதிகள் சித்தூரில் இருந்து பிரிந்து சென்னை மாநிலத்துடன் இணைந்தது 1960 ஏப்ரலில். ஆகவே 1961-ல் வென்ற அணியைச் சித்தூர் மக்கள் ‘நம் மாநில அணி’ என்று அழைக்கத் தொடங்கி ஐந்து ஆண்டுகளே ஆகியிருந்தன. 2014 ஜூன் 2 அன்று தெலங்கானா பிரிந்தபோது அந்த உரிமையும் கேள்விக்குறியானது.

மலைநகரில் தொடங்கிய தொடர்

பிரிட்டிஷ் இந்திய அரசின் வெளியுறவுச் செயலராக இருந்த மார்ட்டிமர் டூரண்ட், 1888-ம் ஆண்டு சிம்லா மலைப் பகுதியில் இத்தொடரைத் தொடங்கி வைத்தார். முதல் இறுதிப் போட்டியில் ராயல் ஸ்காட்ஸ் ஃபியூசிலியர்ஸ் படைப்பிரிவு 2-1 என்ற கணக்கில் ஹைலேண்ட் லைட் இன்ஃபன்ட்ரி படைப்பிரிவை வென்றது. நீண்ட காலம் இது பிரிட்டிஷ் ராணுவப் பிரிவுகளின் போட்டியாகவே இருந்தது. 1940-ல் தொடர் டெல்லிக்கு மாற்றப்பட்டது. அவ்வாண்டு கொல்கத்தாவின் முகமதன் ஸ்போர்ட்டிங் அணி ராயல் வார்விக்ஷயர் படைப்பிரிவை 2-1 என்று வீழ்த்தி, இக்கோப்பையை வென்ற முதல் இந்தியக் குடிமக்கள் அணி என்ற பெருமையைப் பெற்றது. பின்னர் உலகப் போராலும் நாட்டுப் பிரிவினையாலும் நின்றுபோன தொடர், 1950-ல் மீண்டும் தொடங்கியது.

ஐரோப்பிய நாடுகள் ஒவ்வொன்றிலும் லீக் தொடருக்கு இணையாக ஒரு தேசியக் கோப்பைத் தொடர் நடப்பது வழக்கம். இங்கிலாந்தின் எஃப்ஏ கோப்பை 1872-ல் முதல் இறுதிப் போட்டியைக் கண்டது. ஸ்வீடன் கோப்பை 1941-ல் தொடங்கியது. லீக்கில் பல மாதங்கள் புள்ளிகளைச் சேர்த்தவர்களே வெல்ல முடியும். கோப்பைத் தொடரில் ஒரு தோல்வி போதும், வீட்டுக்குத் திரும்பிவிட வேண்டியதுதான். இந்தியாவில் 1990-களின் நடுப்பகுதி வரை தேசிய அளவிலான லீக் தொடரே கிடையாது. எனவே நாட்டின் சிறந்த அணி எது என்பதை டெல்லியின் டூரண்ட், மும்பையின் ரோவர்ஸ், கொல்கத்தாவின் ஐஎஃப்ஏ கேடயம் ஆகிய மூன்று தொடர்களும்தான் தீர்மானித்தன. ஃபெடரேஷன் கோப்பை வந்தது 1977-ல்தான்.

டூரண்ட் தொடரில் வெல்லும் அணிக்கு ஒன்றல்ல, மூன்று கோப்பைகள் வழங்கப்படுகின்றன: டூரண்ட் கோப்பை, சிம்லா கோப்பை, குடியரசுத் தலைவர் கோப்பை. முதல் இரண்டும் சுழல் கோப்பைகள். மூன்றாவது அணியிடமே நிரந்தரமாக இருக்கும்.

காவலர் சீருடையில் கால்பந்து வீரர்கள்

1950-ம் ஆண்டு மீண்டும் தொடங்கிய தொடரின் இறுதிப் போட்டியிலேயே மோகன் பகானை வீழ்த்திக் கோப்பையை வென்றது ஹைதராபாத் நகரக் காவல் அணி. கொல்கத்தாவின் பெரிய கிளப்புகளுக்கு இருந்த ரசிகர் கூட்டமோ பணபலமோ இந்த அணிக்கு இல்லை. ஆட்டக்காரர்கள் காவல் துறையின் ஊழியர்கள். கால்பந்து ஆடிச் சம்பாதிக்க வழியில்லாத காலத்தில், ஓர் இளைஞன் விளையாட்டைத் தொடர வேண்டுமானால் அவனுக்கு மாதச் சம்பளம் தரும் ஒரு துறை தேவைப்பட்டது. ரயில்வே, ராணுவம், காவல் துறை ஆகியவையே அன்றைய இந்தியக் கால்பந்தின் முதலாளிகள்.

மும்பையில் நடைபெற்ற ரோவர்ஸ் கோப்பையில் இந்த அணியின் ஆதிக்கம் இன்னும் வியப்பூட்டுவது. 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் ஹைதராபாத் காவலர்களே வென்றனர். 1957-ல் மீண்டும் வென்றனர். ஆந்திரப் பிரதேச காவல் அணி என்ற பெயரில் 1960, 1963 ஆகிய ஆண்டுகளில் வென்றதோடு, 1962-ல் ஈஸ்ட் பெங்கால் அணியுடன் கோப்பையைப் பகிர்ந்துகொண்டனர். மொத்தம் ஒன்பது முறை. 1891-ல் தொடங்கிய ரோவர்ஸ் தொடர் இப்போது நடத்தப்படுவதில்லை என்பதால் இந்தச் சாதனை பலருக்கும் தெரியாமலே போய்விட்டது.

டெல்லியில் இவர்களின் முக்கிய எதிரி ஈஸ்ட் பெங்கால். 1952 இறுதிப் போட்டியில் 0-1 என்றும், 1956 இறுதிப் போட்டியில் 0-2 என்றும் ஹைதராபாத் அணி ஈஸ்ட் பெங்காலிடம் தோற்றது. 1957-ல் 2-1 என்று பழிதீர்த்தது. கிரிக்கெட் அல்லாத ஒரு விளையாட்டில், தெற்கில் இருந்து சென்ற ஓர் அரசுத் துறை அணி, கொல்கத்தாவின் இரு பெரும் கிளப்புகளையும் இறுதிப் போட்டியில் தோற்கடித்த அந்தப் பத்தாண்டுக்கு நிகரான காலம் பின்னர் வரவில்லை.

மோகன் பகானின் வரிசையை உடைத்த வெற்றி

1961 வெற்றியின் எடையை உணர மோகன் பகானின் வரிசையைப் பார்க்க வேண்டும். 1959-ல் முகமதன் ஸ்போர்ட்டிங்கை 3-1 என்று வென்று மோகன் பகான் கோப்பையைக் கைப்பற்றியது. 1960 இறுதிப் போட்டி கோல் இன்றிச் சமனில் முடிந்ததால், ஈஸ்ட் பெங்காலும் மோகன் பகானும் கூட்டு வெற்றியாளர்களாக அறிவிக்கப்பட்டனர். 1962-ல் சீனப் போர் காரணமாகத் தொடர் நடைபெறவில்லை. 1963, 1964, 1965 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் மீண்டும் மோகன் பகானே வென்றது. அதாவது 1959-ல் இருந்து 1965 வரை நடந்த ஆறு தொடர்களிலும் மோகன் பகான் இறுதிப் போட்டிக்கு வந்தது. அவற்றில் அந்த அணி தோற்றது ஒரே ஒரு முறை. அந்த ஒரு தோல்வியைத் தந்தது ஆந்திரப் பிரதேச காவல் அணி. அது ஒரு கோல் வித்தியாசத்தில் கிடைத்த வெற்றிதான். ஆனால் அந்த ஒரு கோல் இல்லாவிட்டால் மோகன் பகானின் வரிசை ஆறு தொடர்களுக்கு நீண்டிருக்கக்கூடும்.

ஆசிரியராக இருந்த பயிற்சியாளர்

இந்த அணியை உருவாக்கியவர் சையது அப்துல் ரஹீம். 1909-ல் பிறந்தவர், உஸ்மானியா பல்கலைக்கழகத்தில் படித்தவர், தொழிலால் பள்ளி ஆசிரியர். அதனால் ‘ரஹீம் சாஹிப்’ என்று மரியாதையுடன் அழைக்கப்பட்டார். 1943-ல் ஹைதராபாத் கால்பந்துச் சங்கத்தின் செயலரானார். 1950-ல் நகரக் காவல் அணியின் பயிற்சிப் பொறுப்பையும் ஏற்றார். இறக்கும் வரை இரு பொறுப்புகளும் அவரிடமே இருந்தன.

பந்தைக் காலிலேயே வைத்துக்கொண்டு எதிரணியினரைத் தாண்டிச் செல்வதுதான் திறமை என்று ரசிகர்கள் நினைத்த காலம் அது. ரஹீம் அதை ஏற்கவில்லை. பந்தைக் கடத்திச் செல்வதற்கே தடை விதித்து, தொட்டவுடன் அடுத்தவருக்குத் தட்டிவிட வேண்டும் என்ற விதியுடன் இளைஞர்களுக்குப் போட்டிகளை நடத்தினார். வழக்கமாக உதைக்காத காலால் மட்டுமே ஆட வேண்டும் என்ற போட்டிகளும் உண்டு. கேட்பதற்கு விளையாட்டாகத் தோன்றினாலும், இரு கால்களாலும் ஆடத் தெரிந்த ஒரு தலைமுறை அந்த மைதானங்களில் இருந்துதான் வந்தது.

இந்திய அணியின் பயிற்சியாளராகவும் ரஹீமே இருந்தார். 1951-ல் டெல்லியில் நடைபெற்ற முதல் ஆசிய விளையாட்டுப் போட்டியில் ஈரானை 1-0 என்று வென்று இந்தியா தங்கம் பெற்றது. 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்று அரையிறுதிக்கு முன்னேறி, நான்காம் இடத்தைப் பிடித்தது. அசீசுதீன், நூர் முகமது, அகமது உசேன், லத்தீப், சுல்பிகாருதீன் என ஹைதராபாத் மைதானங்களில் வளர்ந்தவர்கள் பலர் மெல்போர்ன் சென்ற அணியில் இருந்தனர்.

1961 டூரண்ட் தொடருக்கு அடுத்து, 1962 செப்டம்பர் 4 அன்று ஜகார்த்தாவில் நடைபெற்ற ஆசிய விளையாட்டு இறுதிப் போட்டியில் தென்கொரியாவை 2-1 என்று இந்தியா வென்றது. பி.கே. பானர்ஜியும் ஜர்னைல் சிங்கும் கோல் அடித்தனர். அப்போதே ரஹீம் புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்தார். 1963 ஜூன் 11 அன்று அவர் காலமானார். அவரது வாழ்க்கையை அடிப்படையாகக் கொண்டு, அஜய் தேவ்கன் நடித்த ‘மைதான்’ என்ற இந்தித் திரைப்படம் 2024 ஏப்ரலில் வெளியானது.

தங்கராஜும் பலராமும்

தமிழ் வாசகர்களுக்கு இந்த வரலாற்றில் நெருக்கமான பக்கம் ஒன்றும் உண்டு. ஹைதராபாத், செகந்திராபாத் இரட்டை நகரங்களின் ராணுவக் குடியிருப்புப் பகுதிகளில் தமிழ்க் குடும்பங்கள் நெடுங்காலமாக வசித்து வந்தன. அத்தகைய தமிழ்ப் பெற்றோருக்கு, செகந்திராபாத்தின் அம்முகூடா பகுதியில் பிறந்தவர் துளசிதாஸ் பலராம். ரஹீமின் கண்ணில் பட்டு முன்னேறிய பலராம், ஹைதராபாத் காவல் அணியில் ஆடி, 1957-ல் ஈஸ்ட் பெங்காலில் சேர்ந்தார். 1956, 1960 ஆகிய இரு ஒலிம்பிக் போட்டிகளிலும் ஆடிய அவர், ரோம் ஒலிம்பிக்கில் ஹங்கேரிக்கும் பெருவுக்கும் எதிராகக் கோல் அடித்தார். 2023 பிப்ரவரி 16 அன்று கொல்கத்தாவில் காலமானார்.

கோல் காப்பாளர் பீட்டர் தங்கராஜ் 1935-ல் ஹைதராபாத்தில் பிறந்தவர். உள்ளூர் கிளப்புகளில் ஆடிவிட்டு 1953-ல் ராணுவத்தில் சேர்ந்து, நீலகிரி மாவட்டம் வெலிங்டனில் உள்ள மெட்ராஸ் ரெஜிமென்ட் மைய அணிக்கு வந்தார். தொடக்கத்தில் அவர் முன்வரிசை ஆட்டக்காரர். பின்னர்தான் கோல் கம்பங்களுக்கு நடுவே நிறுத்தப்பட்டார். அந்த முடிவு எவ்வளவு சரியானது என்பதை அடுத்து வந்த ஆண்டுகள் காட்டின. 1955-ல் விமானப் படை அணியை 3-2 என்றும், 1958-ல் கூர்க்கா பிரிகேட் அணியை 2-0 என்றும் வீழ்த்தி மெட்ராஸ் ரெஜிமென்ட் மையம் டூரண்ட் கோப்பையை இரு முறை வென்றது. 1958-ல் ஆசியாவின் சிறந்த கோல் காப்பாளராக தங்கராஜ் தேர்வு செய்யப்பட்டார். ஜகார்த்தா இறுதிப் போட்டியில் இந்தியாவின் கோல் காப்பாளர் அவர்தான். 1967-ல் அர்ஜுனா விருது பெற்றார்.

1954 முதல் 1958 வரையிலான ஐந்து டூரண்ட் கோப்பைகளில் நான்கு, ஹைதராபாத் காவலர்களுக்கும் வெலிங்டன் படை வீரர்களுக்கும் கிடைத்தன என்பது இங்கு குறிப்பிடத்தக்கது.

வீரர்கள் போன திசை

ரஹீம் மறைந்த 1963-ம் ஆண்டுத் தொடரிலும் ஆந்திரப் பிரதேச காவல் அணி டூரண்ட் இறுதிப் போட்டிக்கு வந்தது. இம்முறை மோகன் பகான் 2-0 என்று வென்றது. அதன் பிறகு அந்த அணி டூரண்ட் இறுதிப் போட்டியை எட்டவே இல்லை. 1965-66 சந்தோஷ் கோப்பையில் ஆந்திர மாநில அணி வங்காளத்தை வென்று பட்டம் பெற்றது. ஆந்திராவின் பெயரில் உள்ள ஒரே சந்தோஷ் கோப்பை அதுவே. 1956-57, 1957-58 பருவங்களில் வென்ற கோப்பைகள் ‘ஹைதராபாத்’ என்ற பெயரில் பதிவாகியுள்ளன.

திறமை வற்றிவிடவில்லை. அது வேறு ஊருக்குப் போனது. 1970 பாங்காக் ஆசிய விளையாட்டில் வெண்கலம் வென்ற இந்திய அணியின் தலைவர் சையது நயீமுதீன், ஹைதராபாத்தைச் சேர்ந்தவர். பெயர் பெற்றது கொல்கத்தாவில். அதே அணியில் ஆடிய முகமது ஹபீப், 1977-ல் பீலே ஆடிய நியூயார்க் காஸ்மாஸ் அணிக்கு எதிராக மோகன் பகானுக்காகக் கோல் அடித்தவர். 1974 ஆசிய இளைஞர் கோப்பையை ஈரானுடன் பகிர்ந்துகொண்ட இந்திய அணியின் தலைவர் ஷபீர் அலி, பின்னர் கொல்கத்தாவில் கொடிகட்டிப் பறந்த விக்டர் அமல்ராஜ் ஆகியோரும் ஹைதராபாத்காரர்களே. காவல் துறை வேலையைவிடக் கூடுதலான வருவாயையும் நிரம்பி வழியும் மைதானங்களையும் கொல்கத்தா கிளப்புகள் தந்தன. வீரர்கள் சென்றதில் வியப்பில்லை. அவர்களின் இடத்தை நிரப்ப அடுத்த ரஹீம் இல்லை என்பதே ஹைதராபாத்தின் இழப்பு.

தென்னிந்திய அணி ஒன்று டூரண்ட் கோப்பையை அடுத்து வென்றது 1997-ல். மோகன் பகானை 3-1 என்று வீழ்த்திய எஃப்சி கொச்சின் அணி அந்த இடைவெளியை முடித்து வைத்தது. பின்னர் கேரளத்தின் கோகுலம் 2019-லும் பெங்களூரு எஃப்சி 2022-லும் வென்றன.

எல்லை மாவட்ட ரசிகர்களுக்கு எது சொந்த அணி?

மாநிலப் பிரிவினைக்குப் பின் ஆந்திராவுக்கு முதல் நிலை லீக்கில் சொந்த அணி அமையவில்லை. முதலில் விசாகப்பட்டினத்தின் பெயரில் இந்திய கால்பந்துக் கூட்டமைப்பின் அனுமதியைப் பெற்ற ஸ்ரீநிதி டெக்கான் அணி, ஹைதராபாத்தைத் தளமாகக் கொண்டு ஆடியது. ஐ-லீக் தொடரில் 2022-23, 2023-24 ஆகிய இரு பருவங்களிலும் இரண்டாம் இடம் பிடித்தது. 2019-ல் தொடங்கப்பட்ட ஹைதராபாத் எஃப்சி, 2022 மார்ச் 20 அன்று கோவாவில் நடந்த ஐஎஸ்எல் இறுதிப் போட்டியில் கேரளா பிளாஸ்டர்ஸை பெனால்ட்டி ஷூட் அவுட்டில் வென்றது. ஹைதராபாத் கால்பந்து மீண்டு எழுந்தது என்று அப்போது எழுதப்பட்டது. 2025-ல் அந்த கிளப்பே டெல்லிக்கு இடம் மாறி, பெயரையும் மாற்றிக்கொண்டது.

திருப்பதியில் இருந்து சென்னை ஏறத்தாழ 140 கிலோ மீட்டர். ஹைதராபாத் 550 கிலோ மீட்டருக்கும் மேல். சித்தூருக்கு பெங்களூருவும் பக்கம். 2018 மார்ச் 17 அன்று பெங்களூரு கண்டீரவா மைதானத்தில் நடைபெற்ற ஐஎஸ்எல் இறுதிப் போட்டியில் சென்னையின் எஃப்சி, பெங்களூரு எஃப்சியை 3-2 என்று வென்றது. சித்தூரை இருபுறமும் அணைத்து நிற்கும் இரு பெருநகரங்களின் அணிகள் மோதிய இறுதிப் போட்டி அது. மாநில எல்லையை மறந்துவிட்டுப் பார்த்தால், இந்த மாவட்டங்களின் ரசிகர்களுக்கு அதைவிட ‘உள்ளூர்’ ஆன இறுதிப் போட்டி வேறொன்று இருந்திருக்க முடியாது.

ராயலசீமைப் பகுதியில் கால்பந்துக்கான வசதி அறவே இல்லை என்றும் கூறிவிட முடியாது. அனந்தபுரத்தில் கிராமப்புற வளர்ச்சி அறக்கட்டளை அமைத்துள்ள விளையாட்டுக் கிராமத்தில் சிறுவர் சிறுமியருக்குக் கால்பந்துப் பயிற்சி அளிக்கப்படுகிறது. 2024-ல் துலீப் கோப்பை கிரிக்கெட் ஆட்டங்களும் அங்கு நடைபெற்றன. ஆனால் பயிற்சி பெற்ற பிள்ளைகள் பதினெட்டு வயதுக்குப் பின் சம்பளத்துடன் ஆடுவதற்கு மாநிலத்துக்குள் ஒரு பெரிய அணி தேவை. 1950-களில் ஹைதராபாத் காவல் துறை தந்தது அதைத்தான்.

டூரண்ட் தொடர் 2019-ல் டெல்லியை விட்டு கொல்கத்தாவுக்குச் சென்றது. 2025-ம் ஆண்டுத் தொடர் கொல்கத்தா, ஜாம்ஷெட்பூர், கோக்ரஜார், ஷில்லாங், இம்பால் ஆகிய நகரங்களில் நடைபெற்றது. தென்னிந்திய நகரம் எதுவும் அதில் இல்லை. ஆகஸ்ட் 23 அன்று நடந்த இறுதிப் போட்டியில் நார்த் ஈஸ்ட் யுனைடெட் 6-1 என்று டயமண்ட் ஹார்பர் அணியை வென்று, தொடர்ந்து இரண்டாவது முறையாகக் கோப்பையைத் தக்கவைத்துக்கொண்டது.